தி கோல்ட் ரஷ்

சார்லி சாப்ளின் எழுதி, இயக்கி, தயாரித்து, நடித்த அமெரிக்கப் பேசாப்படம். 1925 ஜூன் 26 அன்று ஹாலிவுட்டில் முதன்முதலாகத் திரையிடப்பட்டது. 1890களின் இறுதியில் வட அமெரிக்காவின் பனிப்பிரதேசத்துக்குப் பொன் தேடிக் கிளம்பிய பெருங்கூட்டம்தான் இந்த நகைச்சுவைப் படத்தின் களம். நாடோடி ஒருவன் மலைக்குடிசையில் பட்டினி கிடக்கிறான், காதலில் ஏமாறுகிறான், கடைசியில் கோடீசுவரனாகிறான். தம்மை உலகம் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டிய படம் இதுதான் என்று சாப்ளினே சொல்லியிருக்கிறார். பெயரில் தங்கம் இருந்தாலும் திரையில் அது தலைகாட்டுவது அபூர்வம். படம் நெடுக ஆட்களைப் படுத்துவது பசிதான்.

கிளான்டைக் பின்னணி

1896 ஆகஸ்ட் 16 அன்று கனடாவின் யூக்கான் பகுதியில், கிளான்டைக் ஆற்றுக்கு நீர் கொண்டுவரும் ராபிட் கிரீக் என்ற ஓடையில் தங்கம் கிடைத்தது. ஜார்ஜ் கார்மாக், அவருடைய மைத்துனரும் டாகிஷ் பழங்குடியினருமான ஸ்கூக்கும் ஜிம், அதே குடும்பத்தைச் சேர்ந்த டாசன் சார்லி ஆகியோர் கண்டெடுத்தவர்கள். முதலில் கண்டது இவர்களில் யார் என்ற வழக்கு இன்றும் தீரவில்லை. ஓடைக்கு உடனே பொனான்சா என்று பெயர் மாறியது. சுற்றுவட்டாரத்தில் ஏற்கெனவே திரிந்துகொண்டிருந்த பொன் தேடிகள் சில மாதங்களுக்குள் நல்ல இடங்களையெல்லாம் அளந்து, முளையடித்து, பதிவு செய்துகொண்டார்கள்.

வெளியுலகுக்கு இது தெரிய ஏறக்குறைய ஓராண்டு ஆயிற்று. 1897 ஜூலை 15 அன்று சான் பிரான்சிஸ்கோவிலும், 17 அன்று சியாட்டிலிலும் கப்பல்கள் வந்து நின்றன. பெட்டியிலும் கோணியிலும் தங்கத்தைச் சுமந்துகொண்டு பயணிகள் இறங்கினார்கள். 1893ஆம் ஆண்டின் பொருளாதாரச் சரிவிலிருந்து அமெரிக்கா முழுதாக எழாத நேரம் அது. எழுத்தர், தச்சர், கடைச் சிப்பந்தி, போலீஸ்காரர் என்று பலரும் வேலையை உதறிவிட்டுப் புறப்பட்டார்கள். சுமார் ஒரு லட்சம் பேர் கிளம்பினார்கள் என்பது பொதுவான மதிப்பீடு. அவர்களில் முப்பது, நாற்பதாயிரம் பேர்தான் பொன்வயலை ஒட்டிய டாசன் நகரம் போய்ச் சேர்ந்தார்கள். தங்கத்தைக் கண்ணால் கண்டவர்கள் ஏறத்தாழ நான்காயிரம் பேர். பணக்காரர்களாகத் திரும்பியவர்கள் சில நூறு. கிளம்பிய கூட்டத்தில் பெரும்பாலோர் நல்ல ஓடைகளெல்லாம் கைமாறி முடிந்த பிறகு புறப்பட்டவர்கள். துறைமுகத்தில் காலை எடுத்து வைக்கும்போதே ஆட்டம் முடிந்திருந்தது.

வழியில் சில்கூட் கணவாய். ஆளுக்கு ஓராண்டுக்கான உணவும் தளவாடங்களும் இல்லாமல் கனடாவுக்குள் விடுவதில்லை என்று வடமேற்குக் காவல்படை எல்லையில் நின்று தடுத்தது. எல்லாம் சேர்ந்தால் ஒரு டன் எடை. முதுகில் ஒரு தடவைக்கு இருபது, இருபத்தைந்து கிலோவுக்கு மேல் ஏற்ற முடியாது. எனவே பனியில் வெட்டிய சுமார் 1,500 படிகளை ஒவ்வொருவரும் முப்பது, நாற்பது முறை ஏறினார்கள். உச்சியில் மூட்டையை இறக்கி வைத்ததும் பனிச்சரிவில் உட்கார்ந்து வழுக்கியபடியே கீழே வந்து, அடுத்த மூட்டையைத் தூக்கிக்கொண்டு மறுபடி வரிசையில் நின்றார்கள். எரிக் ஹெக் எடுத்த புகைப்படங்களில் வெள்ளை மலைமேல் கோடு கிழித்தாற்போல் தெரியும் மனித வரிசை இதுதான். 1898 ஏப்ரல் 3 அன்று அந்தப் பாதையில் நேர்ந்த பனிச்சரிவில் அறுபதுக்கும் மேற்பட்டோர் புதைந்தார்கள். டாசன் நகரின் மக்கள்தொகை அந்த ஆண்டு முப்பதாயிரத்தைத் தொட்டது. 1899இல் அலாஸ்காவின் நோம் கரையில் தங்கம் என்ற செய்தி வந்தது. கூட்டம் அப்படியே அந்தப் பக்கம் திரும்பிற்று.

கிளான்டைக் கனடாவில் இருந்தாலும், சாப்ளினின் படம் அதை அலாஸ்கா என்றே சொல்கிறது. அமெரிக்கப் பொதுப்புத்தியில் இரண்டும் ஒன்றாகிவிட்டிருந்தன. ஜாக் லண்டனின் கதைகளும் ராபர்ட் சர்வீஸின் பாடல்களும் பனிக்காடு, நாய்வண்டி, மதுக்கூடம், சூதாட்டம், நடனக்காரி என்று ஒரு வார்ப்பை ஏற்கெனவே செய்து வைத்திருந்தன. மௌனப்படங்களும் அந்த வார்ப்பைத் தேய்த்துக்கொண்டிருந்தன. சாப்ளின் அதை அப்படியே எடுத்துக்கொண்டு, வீரன் நிற்க வேண்டிய இடத்தில் தொளதொளத்த கால்சட்டையும் வட்டத்தொப்பியும் மூங்கில் பிரம்புமாகத் தம் நாடோடியைக் கொண்டுவந்து நிறுத்தினார்.

படம் பிறந்த விதம்

1919இல் மேரி பிக்ஃபோர்ட், டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ், டி. டபிள்யூ. கிரிஃபித் ஆகியோருடன் சேர்ந்து சாப்ளின் யுனைட்டெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் நிறுவனத்தைத் தொடங்கினார். பழைய ஒப்பந்தங்களை முடித்துவிட்டு அவர் அங்கே கொடுத்த முதல் படம் ‘எ உமன் ஆஃப் பாரிஸ்’ (1923). அதில் அவர் நாயகனாக நடிக்கவில்லை, அது நகைச்சுவைப் படமும் அல்ல. விமர்சகர்கள் மெச்சினார்கள், மக்கள் வரவில்லை. அடுத்தது நாடோடிப் படமாக இருந்தாக வேண்டும், பெரிதாகவும் இருக்க வேண்டும் என்ற நெருக்கடி கூட்டாளிகளிடமிருந்தும் வந்தது, அவருக்குள்ளிருந்தும் வந்தது.

அந்த ஆண்டு ஃபேர்பேங்க்ஸ் தம்பதியரின் வீட்டுக்குப் போனபோது ஸ்டீரியோஸ்கோப் பெட்டியில் சில படங்களைப் பார்த்தார். ஒன்றில் சில்கூட் கணவாயில் மூட்டை சுமந்து ஏறும் வரிசை தெரிந்தது. ஏறக்குறைய அதே சமயத்தில் டானர் குழுவைப் பற்றிய நூல் ஒன்றும் அவர் கைக்கு வந்தது. 1846இல் கலிஃபோர்னியாவுக்குக் குடியேறக் கிளம்பிய அந்தக் குழுவில் 87 பேர் இருந்தார்கள். சியரா நெவாடா மலையில் பனி வழியை அடைத்துவிட, கிட்டத்தட்டப் பாதிப்பேர் மாண்டார்கள். எஞ்சியவர்களில் சிலர் தோலையும் செருப்பையும் வேகவைத்துத் தின்றார்கள். சிலர் இறந்தவர்களின் உடலைத் தின்றார்கள். இதிலிருந்து ஒரு நகைச்சுவைப் படம் எடுக்கலாம் என்று வேறு யாருக்குத் தோன்றியிருக்கும்? துயரம்தான் கேலியுணர்வைத் தூண்டுகிறது, இயற்கையின் முன் நம் கையாலாகாத்தனத்தைக் கண்டு சிரிக்காவிட்டால் பைத்தியம்தான் பிடிக்கும் என்ற கருத்தில் சாப்ளின் பின்னாளில் தன்வரலாற்றில் விளக்கம் சொன்னார்.

அந்த விளக்கத்துக்கு முன்பே அவருக்குப் பசி தெரியும். 1896இல், கிளான்டைக்கில் தங்கம் கிடைத்த அதே ஆண்டில், ஏழு வயதுச் சாப்ளின் லண்டனில் தாயோடும் அண்ணனோடும் ஏழைகள் இல்லத்தில் சேர்க்கப்பட்டிருந்தார்.

கதை

பிக் ஜிம் மெக்கே (மேக் ஸ்வெய்ன்) ஒரு தங்கமலையைக் கண்டுபிடிக்கிறான். அடுத்த கணம் புயல் அவனை அடித்துக்கொண்டு போகிறது. அதே புயல் பெயரற்ற பொன் தேடியான நம் நாடோடியையும் (சார்லி என்றே சொல்வோம்) ஒரு குடிசைக்குள் தள்ளுகிறது. குடிசைக்காரன் பிளாக் லார்சன் (டாம் மர்ரி) தேடப்படும் குற்றவாளி. சீட்டு எடுத்ததில் உணவு தேடப் போகும் முறை லார்சனுக்கு விழுகிறது. போனவன் திரும்புவதில்லை. உள்ளே இருப்பவர்கள் இருவரும் பூட்ஸைச் சமைத்துத் தின்கிறார்கள். பிறகு ஜிம்மின் கண்ணுக்குச் சார்லி கோழியாகத் தெரியத் தொடங்குகிறான். ஒரு கரடி வந்து சேர்ந்து இருவர் உயிரையும் காப்பாற்றுகிறது, தன் உயிரைக் கொடுத்து.

பிரிந்த பின் ஜிம்மின் மண்டையில் லார்சன் மண்வெட்டியால் அடிக்க, தங்கமலை எங்கே இருக்கிறது என்பது அவனுக்கு மறந்துபோகிறது. சார்லி ஊருக்கு வந்து நடனக்கூடத்துப் பெண் ஜார்ஜியாவிடம் (ஜார்ஜியா ஹேல்) மனதைப் பறிகொடுக்கிறான். புத்தாண்டு இரவு விருந்துக்கு வருவதாக அவள் தோழிகளோடு சேர்ந்து விளையாட்டாகச் சொல்கிறாள். இவன் வீடுவீடாகப் பனி அள்ளிக் காசு சேர்க்கிறான். ஒரு வாசலில் அள்ளும் பனியை அடுத்த வாசலில் குவித்து அங்கேயும் வேலை தேடிக்கொள்கிறான். விருந்து தயாராகிறது, யாரும் வரவில்லை. நினைவு தப்பிய ஜிம் ஊருக்குள் வந்து, அந்தக் குடிசையைக் காட்டினால் பாதி உனக்கு என்று சார்லியை இழுத்துப் போகிறான். மறுபடி புயல். இரவோடு இரவாகக் குடிசை நகர்ந்து பள்ளத்தின் விளிம்பில் தொங்குகிறது. தொங்கும் இடம் ஜிம்மின் தங்கமலைக்கு அருகேதான். இருவரும் கோடீசுவரர்கள்.

ஒருவரும் ஒரு குழிகூட ஒழுங்காகத் தோண்டிப் பணக்காரர் ஆவதில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். தங்கத்தைக் கொடுப்பதும் பறிப்பதும் காற்றுதான். உழைப்பவனுக்குப் பலன் என்ற அமெரிக்க நம்பிக்கையைச் சாப்ளின் இங்கே நேராகத் தாக்கவில்லை, பொருட்படுத்தாமல் தாண்டிப் போகிறார். கிளான்டைக்கின் கணக்குப் புத்தகமும் அவர் பக்கம்தான் சாட்சி சொல்கிறது.

தின்னும் காட்சிகள்

படத்தில் எதெல்லாம் நினைவில் நிற்கிறது என்று யோசித்தால் பெரும்பாலும் சாப்பாடுதான் வரும். முதலில் மெழுகுவர்த்தியில் உப்புத் தூவி ஒரு கடி. அடுத்து நன்றி நவிலல் நாள் விருந்தாக பூட்ஸ். சார்லி அதைப் பாத்திரத்தில் வேகவைக்கிறான், முள்கரண்டியால் குத்திப் பதம் பார்க்கிறான், இன்னும் கொஞ்சம் வேக வேண்டும் என்கிறான். தட்டில் எடுத்து வைத்து, மேல்தோலை அடிப்பாகத்திலிருந்து மீனின் முள்ளை எடுக்கும் லாவகத்தோடு பிரிக்கிறான். ஆணி பிதுங்கும் அடிப்பாகத்தை ஜிம்மின் தட்டில் வைத்தால் அவன் தட்டை மாற்றி மேல்தோலைத் தன் பக்கம் இழுத்துக்கொள்கிறான். சார்லிக்கு வருத்தமில்லை. கயிற்றை நூடுல்ஸ் போலச் சுழற்றி விழுங்குகிறான். ஆணிகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கோழி எலும்பைச் சப்புவது போலச் சப்பித் தட்டோரம் வைக்கிறான். வளைந்த ஆணி ஒன்றை ஜிம்மிடம் நீட்டி, இருவர் வேண்டிக்கொண்டு இழுத்து முறிக்கும் கோழி எலும்பைப் போல இழுக்கலாமா என்று கேட்பதோடு காட்சி முடிகிறது. அதன் பிறகு படத்தில் பெரும்பகுதி நேரம் சார்லியின் ஒரு காலில் பூட்ஸ் இல்லை, கந்தல்துணிக் கட்டுதான். தின்ற பொருள் திரும்ப வராது என்பதைக் காதல் காட்சிகளிலும் சாப்ளின் மறக்கவிடவில்லை.

அந்த பூட்ஸ் அதிமதுர மிட்டாயால் செய்தது. மூன்று நாட்களில் 63 டேக்குகள் எடுத்தார்கள். அதிமதுரத்துக்கு வயிற்றை இளக்கும் குணம் உண்டென்பது நம் வீட்டு வைத்தியத்தில் எல்லோருக்கும் தெரிந்ததே. மேக் ஸ்வெய்னும் சாப்ளினும் அதைப் படப்பிடிப்புக்கு நடுவே தெரிந்துகொண்டார்கள்.

கோழியாக மாறும் காட்சி லேபில் ஒட்டியது அல்ல, கேமராவுக்குள்ளேயே எடுத்தது. சார்லி ஒரு இடத்தில் நிற்க, காட்சியை மங்கவிட்டு, பிலிமைப் பின்னுக்குச் சுற்றி, அதே இடத்தில் அதே நிலையில் கோழி உடையோடு மறுபடி எடுத்தார் ஒளிப்பதிவாளர் ரோலண்ட் டோத்தெரோ. கோழி உடைக்குள் முதலில் வேறொருவரை வைத்துப் பார்த்தார்கள். சரிப்படவில்லை. கோழி எப்படித் தலையை ஆட்டும், எப்படிக் காலால் கிளறும் என்பது சாப்ளினுக்குத்தான் உடம்பில் வந்தது.

புத்தாண்டு இரவுக் காட்சியில் வரும் பன்ரொட்டி நடனம் இன்னொரு ரகம். இரண்டு முள்கரண்டியில் இரண்டு சிறு ரொட்டிகளைக் குத்தி, மேசைமேல் கால்கள் போல ஆட வைக்கிறான் சார்லி. சட்டத்தின் நடுவில் அவன் முகம் மட்டும் வெளிச்சத்தில் இருப்பதால், பெரிய தலையும் குட்டிக் கால்களுமாக ஒரு நடனக்காரர் ஆடுகிறார் என்றே கண் நம்பிவிடுகிறது. இந்த வித்தையை 1917இல் ‘தி ரஃப் ஹவுஸ்’ படத்தில் ராஸ்கோ ஆர்பக்கிள் ஏற்கெனவே காட்டியிருக்கிறார். ஆனால் அங்கே அது ஒரு நொடி விளையாட்டு. இங்கே வராத விருந்தினர்களுக்காகக் கனவில் ஆடப்படுவதால் கனம் ஏறுகிறது. பெர்லின் திரையிடலில் கைதட்டல் ஓயாததால் பிலிமைத் திருப்பிச் சுற்றி இந்தக் காட்சியை மறுபடி போட்டார்கள் என்று சொல்லப்படுவதுண்டு.

படப்பிடிப்பு

1924 பிப்ரவரியில் வேலை தொடங்கிற்று. கணவாய்க் காட்சிக்காகக் கலிஃபோர்னியாவின் டிரக்கி என்ற சிற்றூருக்கு மேலே பனிமலையில் பாதை வெட்டினார்கள். டானர் குழு சிக்கிக்கொண்ட ஏரி அங்கிருந்து கூப்பிடு தூரம். சாக்ரமென்டோவிலிருந்து ரயிலில் சுமார் 600 பேரைக் கொண்டுவந்து மூட்டையோடு ஏறவிட்டார்கள். பெரும்பாலோர் வேலையின்றித் திரிந்த நாடோடிகள். ஒரு நாள் கூலியும் சாப்பாடும் கிடைத்த மகிழ்ச்சியில் பனியில் ஏறிய இவர்கள், உண்மையான கிளான்டைக் கூட்டத்தில் பலரைவிட அன்று நல்ல லாபத்தோடு வீடு திரும்பினார்கள் என்று சொல்லலாம்.

டிரக்கியில் எடுத்த வெளிப்புறக் காட்சிகளில் படத்தில் நின்றது கொஞ்சம்தான். ஹாலிவுட் லா பிரேயா சாலையிலிருந்த தம் ஸ்டுடியோவிலேயே சாப்ளின் அலாஸ்காவைக் கட்டினார். மரச்சட்டம், கம்பி வலை, சாக்கு, அதன்மேல் 200 டன் பிளாஸ்டர். பனிக்காக 285 டன் உப்பும் 100 பீப்பாய் மாவும் வண்டிவண்டியாகக் காகிதத் துணுக்கும் கொட்டப்பட்டன. கலிஃபோர்னிய வெயிலில் கம்பளிக்குள் வியர்த்தபடி நடிகர்கள் குளிரில் நடுங்கினார்கள். தொங்கும் குடிசைக்கு இரண்டு ஏற்பாடு: சாய்ந்து ஆடும்படி அச்சில் நிறுத்திய முழு அளவுக் குடிசை ஒன்று, பள்ளத்தோடு சேர்த்துச் செய்த சிறு மாதிரி ஒன்று. எது எங்கே மாறுகிறது என்று தேடினால் இன்று கண்டுபிடித்துவிடலாம், ஆனால் தேடத் தோன்றுவதில்லை.

நாயகி மாறியதுதான் வேலையை நிறுத்திப்போட்டது. முதலில் ஒப்பந்தமானவர் லீட்டா கிரே. ‘தி கிட்’ படத்தில் தேவதையாகத் தோன்றிய சிறுமி; ஒப்பந்தம் செய்தபோது வயது 15. சில மாதங்களில் அவர் கருவுற்றார். 1924 நவம்பரில் மெக்சிகோவில் சத்தமில்லாமல் கல்யாணம் முடித்தார் சாப்ளின். அவருக்கு வயது 35, பெண்ணுக்கு 16. 1927இல் விவாகரத்தில் முடிந்த இந்த உறவு பத்திரிகைகளில் சந்தி சிரித்தது. இன்றைய வாசகர் இதைக் கிசுகிசு என்று கடந்துவிட முடியாது. அந்தக் காலத்துச் சட்டப்படியே சிறைக்கு அனுப்பக்கூடிய காரியம் அது. நாயகி பாத்திரம் ‘தி சால்வேஷன் ஹண்டர்ஸ்’ படத்தில் நடித்திருந்த ஜார்ஜியா ஹேலுக்குப் போனது. லீட்டா இருந்த காட்சிகள் தூக்கியெறியப்பட்டன.

மேக் ஸ்வெய்ன் கீஸ்டோன் ஸ்டுடியோ காலத்துக் கூட்டாளி. இடையில் வாய்ப்பின்றி ஒதுங்கிக் கிடந்தவரைச் சாப்ளின்தான் 1921இல் திரும்ப அழைத்து வந்தார். பிக் ஜிம்மின் மீசையும் பருமனும் இல்லாமல் குடிசைக் காட்சிகளை நினைத்துப் பார்க்க முடியாது.

வெளியீடு

மொத்தச் செலவு 9 லட்சத்து 23 ஆயிரம் டாலர். முதல் திரையிடல் சிட் கிரோமனின் ஈஜிப்ஷியன் அரங்கில் நடந்தது. இளவயதில் தந்தையோடு கிளான்டைக் போய் அங்கே செய்தித்தாள் விற்றவர் கிரோமன். பனிநாட்டு நடனமெல்லாம் வைத்துப் படத்துக்கு முன்னால் பெரிய மேடை நிகழ்ச்சி ஒன்று நடத்தினார். ஆகஸ்டில் நியூயார்க்கின் ஸ்ட்ராண்ட் அரங்குக்குப் படம் வந்தது. வசூல் 40 லட்சம் டாலரைத் தாண்டி, பேசாப்படக் காலத்தின் மிகப் பெரிய வெற்றிகளில் ஒன்றாயிற்று.

கடைசிக் காட்சிகளில் பணக்காரச் சார்லி கப்பலில் திரும்புகிறான். ஒன்றன்மேல் ஒன்றாக இரண்டு கம்பளிக் கோட்டுகள். தளத்தில் கிடக்கும் சுருட்டுத் துண்டைக் கண்டதும் கை தன்னால் கீழே போகிறது, ஜிம் தடுக்கிறான். செய்தியாளர் புகைப்படத்துக்காகப் பழைய உடையைப் போட்டுக்கொண்டு பின்னால் நகர்ந்து, கீழ்வகுப்பில் விழுந்து, அங்கே ஜார்ஜியாவைக் காண்கிறான். டிக்கெட் இல்லாமல் ஒளிந்து வந்தவன் என்று எண்ணி அவனுக்காகப் பணம் கட்ட அவள் முன்வருகிறாள். திடீர்ப் பணம் ஒருவனை என்ன செய்கிறது என்பதற்கு அந்தச் சுருட்டுத் துண்டு போதும். காதலும் கைகூடுவது கொஞ்சம் வசதியான முடிவுதான். சாப்ளினின் அடுத்த பெரும் படங்களான ‘தி சர்க்கஸ்’, ‘சிட்டி லைட்ஸ்’ இரண்டும் இவ்வளவு தாராளமாக முடிவதில்லை.

1942ஆம் ஆண்டுப் பதிப்பு

பேசும் படம் வந்து பதினைந்தாண்டு கழித்துச் சாப்ளின் இதை மறுபடி கையில் எடுத்தார். டைட்டில் கார்டுகளை நீக்கி, தம் குரலிலேயே கதை சொன்னார்; நாடோடியைச் ‘சின்ன ஆள்’ என்று செல்லமாகக் குறிப்பிட்டார். இசையும் அமைத்தார். ஜார்ஜியா வேறொருவனுக்கு எழுதிய மன்னிப்புக் கடிதம் குறும்பாகச் சார்லியிடம் சேர்க்கப்படும் கிளைக்கதையை மாற்றி, அவனுக்கே எழுதியதாக்கினார். இறுதி முத்தத்தை வெட்டினார். வெட்டுகளாலும், ஒலிப்படத்துக்குரிய வினாடிக்கு 24 சட்ட வேகத்தில் ஓட்டியதாலும் 95 நிமிடப் படம் 72 நிமிடமாயிற்று. இசைக்கும் ஒலிப்பதிவுக்கும் ஆஸ்கர் பரிந்துரைகள் கிடைத்தன. சாப்ளின் கடைசிவரை இதையே முறையான பதிப்பாகக் கருதினார்.

ரசிகர்களில் பெரும்பாலோர் அவரோடு உடன்படுவதில்லை. கண் பார்த்துக்கொண்டிருப்பதையே குரல் திரும்பச் சொல்வது பல இடங்களில் சிரிப்பைக் கெடுக்கிறது. பூட்ஸ் காட்சிக்கு விளக்கம் எதற்கு? ஜார்ஜியாவின் கடிதத்தை மாற்றியதால் அவள் நல்லவளாகிவிட்டாள், கதை சப்பென்று ஆகிவிட்டது.

1925 பதிப்பின் பதிப்புரிமையை 28ஆம் ஆண்டில் புதுப்பிக்காததால் அமெரிக்காவில் 1953இல் அது பொதுவுடைமையாயிற்று. அதன்பின் தேய்ந்த, வெட்டுப்பட்ட பிரதிகள் ஊரெங்கும் உலவின. தலைமுறைகள் பார்த்தது அவற்றைத்தான். 1993இல் கெவின் பிரவுன்லோவும் டேவிட் கில்லும் சிதறிய துண்டுகளைச் சேர்த்து மௌனப் பதிப்பை மீட்டெடுத்தார்கள்.

பிற்கால மதிப்பு

1952இல் ‘சைட் அண்ட் சவுண்ட்’ இதழின் முதல் வாக்கெடுப்பில் இது ‘சிட்டி லைட்ஸ்’ படத்தோடு இரண்டாம் இடத்தைப் பகிர்ந்துகொண்டது. 1958இல் பிரசல்ஸ் உலகக் கண்காட்சியில் திரை வரலாற்றாசிரியர்கள் தேர்ந்த பன்னிரண்டு படங்களிலும் இடம்பெற்றது. 1992இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. பன்ரொட்டி நடனத்தை ‘பென்னி அண்ட் ஜூன்’ (1993) படத்தில் ஜானி டெப் ஆடிக்காட்டினார். ஜெர்மன் இயக்குநர் வெர்னர் ஹெர்சாக் ஒரு பந்தயத்தை ஒட்டித் தம் ஷூவை உண்மையாகவே வேகவைத்துத் தின்றபோது, அதைப் படமெடுத்த லெஸ் பிளாங்க் நடுவே சாப்ளினின் காட்சியையும் சேர்த்தார். ஹெர்சாக் தின்றது மிட்டாய் அல்ல, தோல். அடிப்பாகத்தை மட்டும் அவர் ஒதுக்கிவிட்டார்.

நூற்றாண்டையொட்டி இத்தாலியின் போலோன்யா திரைப்படக் காப்பகம் 4கே தரத்தில் புதுப்பித்த 1925 பதிப்பு, 2025 மே மாதம் கான் விழாவில் திரையிடப்பட்டது. முதல் காட்சி நடந்த நாளான ஜூன் 26 அன்று பல நாடுகளின் அரங்குகளிலும் அது காட்டப்பட்டது. இந்தப் புதுப்பிப்புக்கு எடுத்துக்கொண்டது 1942 பதிப்பை அல்ல, சாப்ளின் ஒதுக்கிவைத்த மௌனப் பதிப்பையே.